கஸ்மாலம் எங்கிருந்து வந்தது? ஒரு தெருச் சொல்லின் பொருளையும் வேரையும் தேடும் முழுமையான வழிகாட்டி

மெட்ராஸ் பாஷையில் ‘கஸ்மாலம்’ என்றால் வசை. குளிக்காதவன், கேவலமானவன், எதற்கும் லாயக்கில்லாதவன் என்று ஏசுகிறவரின் கோபத்துக்குத் தகுந்தபடி பொருள் நீளும். இதே சொல் பகவத் கீதையில், இரண்டாம் அத்தியாயத்தின் இரண்டாம் சுலோகத்தில் இருக்கிறது. வில்லைப் போட்டுவிட்டுத் தேர்த்தட்டில் உட்கார்ந்துவிட்ட அர்ஜுனனிடம் கிருஷ்ணன் கேட்கிறார்: ‘குதஸ்த்வா கச்மலமிதம் விஷமே ஸமுபஸ்திதம்’. இப்படி ஒரு நெருக்கடியில் இந்தக் கச்மலம் உனக்கு எங்கிருந்து வந்தது என்று பொருள். அங்கே கச்மலம் என்பது மனக்கலக்கம், சோர்வு.

இதைச் சொன்னால் பாதிப் பேர் சிரிப்பார்கள், மீதிப் பேர் நம்ப மாட்டார்கள். எனக்கு நம்பாதவர்கள் கட்சிதான் பிடிக்கும். ஒலி ஒத்துப்போகிறது என்பதற்காக மட்டும் இரண்டு சொற்களை முடிச்சுப் போட்டுவிட முடியாது. இணையத்தில் உலவும் சொல் கதைகளில் பெரும்பாலானவை இந்த இடத்தில்தான் கெட்டுப்போகின்றன. ஒலியைப் பார்த்ததும் ‘கண்டுபிடித்துவிட்டேன்’ என்று நிறுத்திவிடுகிறார்கள். அந்தச் சொல்லை யார் எடுத்து வந்தார்கள், எந்தத் தெரு வழியாக, எப்போது என்று யாரும் கேட்பதில்லை.

இந்த வழிகாட்டியில் கஸ்மாலத்தையே கூட வைத்துக்கொண்டு போகலாம். சென்னையின் வேறு சில தெருச் சொற்களும் நடுநடுவே வரும். உங்கள் ஊர்ச் சொல் எதுவானாலும் தேடும் முறை இதுவே.

முதல் படி: அகராதியைத் திறக்காதீர்கள்

முதலில் வாக்கியங்களைச் சேர்க்க வேண்டும். சொல்லைத் தனியாக எழுதி வைத்துக்கொண்டால் ஒரு பயனும் இல்லை. ஒவ்வொரு வாக்கியத்தோடும் யார் சொன்னார்கள், யாரைப் பார்த்து, என்ன தொனியில் என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள். சொன்னவரின் வயதும் பிறந்து வளர்ந்த பகுதியும் தெரிந்தால் இன்னும் நல்லது.

கஸ்மாலத்துக்கு இப்படிச் சில வாக்கியங்கள் கிடைக்கும்:

‘போடா கஸ்மாலம்!’ இது நேரடி ஏச்சு.

‘அந்தக் கஸ்மாலம் இன்னும் வர்ல?’ இங்கே ஆள் எதிரில் இல்லை. பெயருக்குப் பதிலாக வசையே நிற்கிறது.

‘எங்கடா போய்த் தொலைஞ்ச கஸ்மாலம், ஆளையே காணோம்?’ இது நட்பு. இதே சொல்லை முன்பின் தெரியாதவரிடம் சொன்னால் அடிதடியில் முடியும்.

மூன்றையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் ஒன்று புரியும். சொல்லின் பொருள் பாதி அகராதியில் இருக்கிறது, மீதி இரண்டு பேருக்கு நடுவில் இருக்கிறது. தெருச் சொல்லுக்கு ‘பொருள்: கேவலமானவன்’ என்று ஒற்றை வரி எழுதினால் அந்த மீதி காணாமல் போய்விடும்.

அப்புறம் இலக்கணத்தைச் சோதியுங்கள். ‘கஸ்மாலம் வந்தானா’ என்கிறார்களா, ‘வந்துச்சா’ என்கிறார்களா? ஆளைச் சொல்லும்போதும் அஃறிணையில் முடித்தால் அதைத் தனியாகக் குறித்துக்கொள்ளுங்கள், பின்னால் உதவும். ஓர் இடத்தையோ துணியையோ கஸ்மாலம் என்கிறார்களா என்றும் கேட்டுப் பாருங்கள். அழுக்கான இடத்துக்குச் சென்னையில் ஏற்கெனவே ‘கலீஜ்’ இருக்கிறது. அதனால் கஸ்மாலம் பெரும்பாலும் ஆள் மேல்தான் விழுகிறது. ஒரே பகுதியில் இரண்டு அழுக்குச் சொற்கள் பிழைத்திருந்தால் அவை வேலையைப் பங்கிட்டுக்கொண்டிருக்கும். அந்தப் பங்கீடும் பொருளில் சேர்ந்ததே.

ஆட்களிடம் பேசும்போது ஓர் எச்சரிக்கை. ‘இதுக்கு என்ன அர்த்தம்?’ என்று கேட்காதீர்கள். கேட்டவுடன் எதிரில் இருப்பவர் வாத்தியார் ஆகிவிடுவார், உங்களுக்குப் பிடித்தமாதிரி ஒரு விளக்கத்தை அந்த நிமிடமே உண்டாக்குவார். ‘யாரைப் பாத்து இப்படிச் சொல்லுவீங்க? உங்க அம்மா முன்னாடி சொல்லுவீங்களா? இதைவிட மோசமான வார்த்தை எது, இதைவிட லேசானது எது?’ இந்த மாதிரிக் கேள்விகளுக்குத்தான் உருப்படியான பதில் வரும். கடைசிக் கேள்விக்கு வரும் பதிலை வைத்து வசைச் சொற்களைக் காரத்தின் அளவுப்படி வரிசைப்படுத்தலாம். அந்த வரிசையில் உங்கள் சொல் எங்கே உட்காருகிறது என்பது எந்த அகராதியிலும் கிடைக்காத தகவல்.

இரண்டாம் படி: எத்தனை விதமாக எழுத முடியுமோ அத்தனையும்

பேச்சுச் சொல்லுக்கு நிலையான எழுத்து கிடையாது. தமிழ் எழுத்திலோ ஒரே ‘க’ நான்கைந்து ஒலிகளுக்கு நிற்கும். ஆகவே தேடத் தொடங்கும் முன் ஒரு தாளில் எல்லா வடிவங்களையும் எழுதிக்கொள்ளுங்கள்.

கஸ்மாலத்துக்குக் குறைந்தது இவை வேண்டும்: கஸ்மாலம், கசுமாலம், கச்மாலம், கஸ்மலம், கச்மலம். கிரந்த எழுத்தைத் தவிர்த்தவர்கள் ‘ஸ்’ இருக்கும் இடத்தில் ‘சு’ போட்டிருப்பார்கள். ‘ஜ’வுக்குப் பதில் ‘ச’ வரும், ஜாஸ்தி சாஸ்தியாகும். ‘ர’வும் ‘ல’வும் முதலில் வந்தால் முன்னால் ஒரு இகரமோ உகரமோ ஒட்டிக்கொள்ளும். இந்த வேலைக்குக் கால் மணி நேரம் போதும். இதைச் செய்யாமல் ஒரே எழுத்துக் கூட்டலில் தேடிவிட்டு ‘எந்த அகராதியிலும் இல்லை’ என்று அறிவிப்பவர்களே அதிகம்.

மூன்றாம் படி: வீட்டுச் சொல்தானா என்று பாருங்கள்

மெட்ராஸ் பாஷை என்றாலே உருது, தெலுங்கு, இங்கிலீஷ் கலப்படம் என்று ஒரு பேச்சு இருக்கிறது. அதனால் புரியாத சொல் கண்ணில் பட்டதும் வெளியூரில் போய்த் தேடுகிறோம். பல சொற்கள் வீட்டிலேயே இருக்கும், உச்சரிப்பு தேய்ந்து போனதால் அடையாளம் தெரியாது. ‘இஸ்துகினு’ என்பது ‘இழுத்துக்கொண்டு’. ‘கீது’ என்பது ‘இருக்கிறது’. ‘குந்து’ சுத்தமான தமிழ் வினைச்சொல். ‘அப்பால போ’ என்பதில் இருக்கும் ‘அப்பால்’ பழைய இலக்கியத்தில் தாராளமாகப் புழங்கிய சொல். மற்ற ஊர்களில் ‘அந்தப் பக்கம்’, ‘அப்புறம்’ எல்லாம் வந்து அதை ஓரங்கட்டிவிட்டன, சென்னைத் தெரு அதை விடாமல் வைத்திருக்கிறது.

ஆகவே முதலில் சொல்லைத் தேய்வதற்கு முன்பிருந்த வடிவத்துக்கு நிமிர்த்திப் பாருங்கள். விழுந்த ‘ர்’, மாறிய ‘ழ்’, சுருங்கிய விகுதி எல்லாவற்றையும் திருப்பிப் போட்ட பிறகும் தமிழில் இடம் கிடைக்கவில்லை என்றால் வெளியே போகலாம்.

கஸ்மாலத்துக்கு இந்தப் படியில் ஒரு பொறி காத்திருக்கிறது. உள்ளே ‘மலம்’ கேட்கிறது. உடனே ‘கசு’ என்றால் என்ன என்று ஆரம்பித்துவிடத் தோன்றும். சொல்லைத் துண்டு போட்டு ஒவ்வொரு துண்டுக்கும் பொருள் கற்பிக்கும் ஆசையைக் கட்டுப்படுத்திக்கொள்ளுங்கள். ஒரு துண்டுக்குப் பொருள் தெரிந்து இன்னொன்று அந்தரத்தில் தொங்கினால் நீங்கள் வெட்டிய இடம் தப்பு.

நான்காம் படி: அகராதிகள், வரிசையாக

இப்போது திறக்கலாம். நான் போகும் வரிசை இது.

முதலில் இன்றைய பொருளுக்குக் க்ரியாவின் தற்காலத் தமிழ் அகராதி. முதல் பதிப்பு 1992-இல் வந்தது. இது வேர் சொல்லாது, இன்றைய எழுத்துத் தமிழில் சொல் எப்படிப் புழங்குகிறது என்று எடுத்துக்காட்டோடு காட்டும்.

அடுத்து சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ்ப் பேரகராதி. 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகள், அதன் பிறகு ஓர் இணைப்புத் தொகுதி. ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட சொற்கள். இதில் வேற்றுமொழிச் சொல் என்றால் தலைச்சொல்லுக்குப் பக்கத்திலேயே மூலத்தைக் குறித்திருப்பார்கள். பேச்சு வழக்கு, உள்ளூர் வழக்கு என்பதற்கெல்லாம் சுருக்கக் குறிகள் உண்டு. பலர் பொருளை மட்டும் படித்துவிட்டு அந்தக் குறிகளைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். நமக்குத் தேவையான தங்கம் அந்தக் குறிகளில்தான் இருக்கிறது.

மூன்றாவது, பழைய மிஷனரி அகராதிகள். ஃபெப்ரீஷியஸின் அகராதி 1779-இல் வேப்பேரியில் அச்சானது. வின்ஸ்லோவின் அகராதி 1862-இல் வந்தது. உயர்ந்த தமிழ், தாழ்ந்த தமிழ் இரண்டுக்கும் சேர்த்துத்தான் இந்த அகராதி என்று வின்ஸ்லோ தலைப்பிலேயே போட்டுக்கொண்டார். அந்தத் ‘தாழ்ந்த தமிழ்’ என்ற பிரிவினை இன்று நமக்கு உறுத்தும். ஆனால் அதன் புண்ணியத்தில் புலவர்கள் சீண்டாத பேச்சுச் சொற்கள் பல அதில் பதிவாகிவிட்டன.

நான்காவது, பக்கத்து மொழிகள். இதைத் தவிர்க்கவே கூடாது. தெலுங்குக்குப் பிரவுன் (1852), மலையாளத்துக்குக் குண்டர்ட் (1872), கன்னடத்துக்குக் கிட்டல் (1894), உருதுவுக்குப் பிளாட்ஸ் (1884). திராவிட வேர் என்று சந்தேகம் வந்தால் பர்ரோவும் எமெனோவும் தொகுத்த திராவிட வேர்ச்சொல் அகராதி. அதில் 1984-ஆம் ஆண்டின் இரண்டாம் பதிப்பைப் பாருங்கள். இவற்றில் பெரும்பாலானவற்றைச் சிகாகோ பல்கலைக்கழகம் இணையத்தில் இலவசமாகத் தேடும்படி வைத்திருக்கிறது. ஆங்கிலோ இந்தியச் சொல் என்று தோன்றினால் யூல், பர்னெல் இருவரும் 1886-இல் வெளியிட்ட ‘ஹாப்சன் ஜாப்சன்’ இருக்கிறது. சுவாரசியமான புத்தகம், ஒரு சொல்லைத் தேடப் போய் ஒரு மணி நேரம் தொலைந்துபோகும்.

பக்கத்து மொழிகளைப் பார்த்ததும் கஸ்மாலத்தின் கதை விரிகிறது. சமஸ்கிருதத்தில் கச்மலத்துக்கு அழுக்கு, கறை, மயக்கம், மனத்தளர்ச்சி என்று பல பொருள்கள் உண்டு. கீதை அதில் ஒன்றை எடுத்துக்கொண்டது. தெலுங்கில் ‘கச்மலமு’ என்றால் அழுக்கு. மலையாளத்தில் ‘கச்மலன்’ என்றால் அயோக்கியன், ஆளைத் திட்டும் சொல். ஆக, அழுக்கிலிருந்து ஆளுக்குப் போகும் பாதையைச் சென்னை மட்டும் போடவில்லை. மலையாளமும் போட்டிருக்கிறது. ‘அன்’ விகுதி சேர்த்துக்கொண்டு கொஞ்சம் மரியாதையாகத் திட்டுகிறது, அவ்வளவுதான்.

இதே இடத்தில் இன்னொரு குழப்பத்தையும் தீர்த்துவிடலாம். ‘கள்ளம் கல்மிஷம் இல்லாதவர்’ என்கிறோமே, அந்தக் கல்மிஷம் ‘கல்மஷம்’ என்ற வேறொரு சமஸ்கிருதச் சொல். அதற்கும் கறை, மாசு என்றுதான் பொருள். கேட்க ஒன்று போலவே இருக்கும், பொருளும் உரசும், இருந்தாலும் இரண்டும் வேறு. ஒன்று நடுவீட்டுப் பேச்சில் மரியாதையாக உட்கார்ந்துகொண்டது, மற்றது தெருவுக்குப் போய் வசையானது. சொற்களுக்கும் அந்தஸ்து பிறப்பால் வருவதில்லை போலிருக்கிறது.

ஒன்றை மறக்கக் கூடாது. அகராதி தொகுத்தவர்கள் பெரும்பாலும் கௌரவமான மனிதர்கள். வசைகளைப் பார்த்தும் பார்க்காதது போல் போனவர்கள் உண்டு. ஒரு வசைச் சொல் 1862-ஆம் ஆண்டு அகராதியில் இல்லை என்றால் அப்போது அது தெருவில் இல்லை என்று ஆகாது.

ஐந்தாம் படி: ஒலி மாற்றம் கூட்டமாக நடந்ததா?

இதுதான் ஊகத்தையும் சான்றையும் பிரிக்கும் கோடு. ஒரு சொல்லில் மட்டும் நடந்ததாக நீங்கள் சொல்லும் ஒலி மாற்றத்தை யாரும் நம்ப வேண்டியதில்லை. அதே மாற்றம் ஐந்தாறு சொற்களில் ஒரே மாதிரி நடந்திருந்தால் நம்பலாம்.

உருதுவில் ‘ஜ’வுக்கும் ‘ஸ’வுக்கும் நடுவில் அதிர்ந்து வரும் ஓர் ஒலி உண்டு. ‘ஃஜ’ என்று எழுதிக்கொள்வோம். தமிழில் அது ஒழுங்காக ‘ஜ’ ஆகிறது. ‘ஃஜோர்’ என்றால் வலிமை, நமக்கு அது ஜோர். ‘மஃஜா’ மஜா ஆனது. ‘பேஃஜார்’ என்றால் சலித்துப்போனவர், வெறுத்துப்போனவர். அதுதான் ‘பேஜாராப் போச்சு நைனா’ என்பதில் வரும் பேஜார். அழுக்கான, கெட்டியான என்று பொருள்படும் ‘கலீஃஜ்’ கலீஜ் ஆனது. ‘ஃஜியாதத்தீ’ தேய்ந்து ஜாஸ்தியானது. இத்தனை சொற்கள் ஒரே வழியில் போயிருக்கும்போது கலீஜை உருதுச் சொல் என்பதில் தயக்கமே வேண்டாம்.

இன்னொரு கூட்டம். உருதுவிலும் இந்தியிலும் நாக்கை மடித்துத் தட்டும் ஓர் ஒலி, தமிழில் ‘ட’ ஆகும். சண்டையைக் குறிக்கும் சொல் ‘லடாய்’ ஆனது. விளையாட்டு வீரரைக் குறிக்கும் சொல் ‘கில்லாடி’ ஆனது. இரண்டும் ஒன்றுக்கொன்று சாட்சி.

குஜால் கொஞ்சம் சிக்கல். மூலம் ‘குஷ்ஹால்’, நல்ல நிலையில் இருப்பது. ‘ஷ்ஹ்’ எப்படி ‘ஜ்’ ஆனது என்று கேட்டால் கூட்டம் காட்ட முடியாது. ஆனால் ‘குஷால்’ என்ற இடைவடிவம் தமிழில் இருக்கிறது. கூட்டம் இல்லாதபோது இடைவடிவம் கைகொடுக்கும்.

கஸ்மாலத்தில் பலவீனமான இடம் எது? ‘மல’ ஏன் ‘மால’ என்று நீண்டது என்பதுதான். ‘ச்ம’ என்ற கூட்டெழுத்து ‘சும’ என்று பிரிவது தமிழில் வழக்கமானது, அதில் பிரச்சினை இல்லை. நெடில் ஆனதற்கு மட்டும் கூட்டம் கிடையாது. வசைச் சொற்களை நாம் இழுத்து முழக்குகிறோம், ‘சோமாஆஆரி’ என்று நடுவில் நீட்டினால்தான் ஏச்சு எடுபடும். அந்தப் பழக்கம் கச்மலத்தையும் நீட்டியிருக்கலாம் என்பது என் ஊகம். ஊகத்தை ஊகம் என்று எழுதிவைப்பதில் குறைச்சல் ஒன்றும் இல்லை.

ஆறாம் படி: யார் தூக்கி வந்தார்கள்?

சொல் தானாக நடக்காது. ஆட்கள் வேண்டும். கப்பல், பட்டாளம், சந்தை, சமையலறை, கோயில் திண்ணை, ஏதோ ஓர் இடத்தில் இரண்டு மொழிக்காரர்கள் தினமும் சந்தித்திருக்க வேண்டும்.

‘துட்டு’ இதற்கு நல்ல பாடம். அது டச்சுக்காரர்களின் ‘டௌட்’ என்ற சிறு செப்புக் காசின் பெயர். டச்சுக்காரர்கள் பழவேற்காட்டில் 17-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே காலூன்றினார்கள். 1658 முதல் 1781 வரை நாகப்பட்டினம் அவர்கள் கையில் இருந்தது. இலங்கைக் கரையோரம் 1796 வரை. அவர்களுடைய காசு இங்கே கைமாறியது, காசோடு பெயரும் கைமாறியது. அவர்கள் போனபின் காசு செல்லாமல் போயிற்று, பெயர் மட்டும் பொதுவாகப் பணம் என்ற பொருளில் தங்கிவிட்டது. ‘கக்கூஸ்’ என்பதும் அவர்கள் விட்டுப்போன சொத்துதான், அதே பொருளில். காலம், இடம், ஆள், பொருள் நான்கும் பொருந்துகின்றன.

உருதுச் சொற்களுக்கு ஆற்காட்டு நவாப் முகம்மது அலி வாலாஜா இருக்கிறார். 1768 வாக்கில் சேப்பாக்கம் அரண்மனை எழுந்ததும் நவாபின் பரிவாரம், படை, சமையல்காரர், வண்டிக்காரர் என்று ஒரு கூட்டமே திருவல்லிக்கேணியைச் சுற்றிக் குடியேறியது. நாஷ்டா, கைமா, உஷார், பேமானி எல்லாம் அந்த அக்கம்பக்கத்தில் புழங்கியவை.

தெலுங்குக்கு ஆதாரம் தேட வேண்டியதே இல்லை. 1639-இல் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு இந்த நிலத்தை எழுதிக்கொடுத்தவர்களே தெலுங்கு நாயக்கர்கள். 1953-இல் ஆந்திரம் பிரியும்வரை சென்னை இரண்டு மொழிக்காரர்களுக்கும் தலைநகரம். அப்பாவைக் குறிக்கும் ‘நாயன’ நைனா ஆனதும், சோம்பேறியைக் குறிக்கும் ‘சோமரி’ சோமாரி ஆனதும் இந்த வழியில்தான். கன்னடத்தில் ‘சோமாரி’ என்று நெடிலோடே இருக்கிறது என்பதையும் பக்கத்தில் குறித்துக்கொள்ளுங்கள்.

சரி, கஸ்மாலத்தை யார் தூக்கி வந்தது? இரண்டு பாதைகளைத் தேடிப் பார்க்க வேண்டும். ஒன்று, ஹரிகதை, கதாகாலட்சேபம், கூத்து என்று புராணத்தைத் தெருவுக்குக் கொண்டுவந்தவர்கள். இன்னொன்று, தெலுங்கு. அங்கே ‘கச்மலமு’ ஏற்கெனவே அழுக்கு என்ற பொருளில் இருப்பதால், நைனாவும் சோமாரியும் வந்த வண்டியிலேயே இதுவும் ஏறியிருக்க முடியும். எனக்கு இரண்டாவது பாதையின் மேல்தான் சாய்வு. காரணம், சென்னைச் சொல்லில் அழுக்கு இருக்கிறது, கீதையில் வரும் மனக்கலக்கம் துளியும் இல்லை. கீதைச் சுலோகத்தைக் கேட்டுப் பழகிய வாயிலிருந்து வந்திருந்தால் அந்தச் சோர்வின் சாயல் எங்காவது ஒட்டியிருக்கும். ஆகவே கீதையில் இந்தச் சொல் இருப்பது அதன் பழமைக்குத்தான் சான்று, அங்கிருந்து நேரே தெருவுக்கு வந்தது என்பதற்குச் சான்று ஆகாது.

ஏழாம் படி: பொருளுக்குப் பாலம்

மூலப் பொருளுக்கும் இன்றைய பொருளுக்கும் இடையில் ஒவ்வொரு அடியும் நடக்கக்கூடியதாக இருக்க வேண்டும்.

‘பேமானி’யைப் பாருங்கள். உருதுவில் ‘பே ஈமான்’ என்றால் நேர்மையற்றவர், ‘பே ஈமானீ’ என்றால் நேர்மையின்மை. நாம் பின்னதை எடுத்து ஆளைத் திட்டுகிறோம். பண்பின் பெயர் ஆளின் பெயராகிவிட்டது. இது தவறிப்போய் நடந்ததா? தமிழின் ஏச்சுப் பழக்கத்தைக் கவனித்தால் அப்படித் தோன்றாது. ‘தரித்திரம்!’, ‘பீடை!’, ‘சனி!’ என்று நாம் திட்டுவதெல்லாம் இப்படித்தான். வறுமை உடையவன் என்று சுற்றி வளைக்காமல் நீயே வறுமை என்று முகத்தில் அடிக்கிறோம். ஆளை உயர்திணையிலிருந்து இறக்கி அஃறிணையில் வைப்பதும் திட்டின் ஒரு பகுதி. கஸ்மாலமும் இந்த அச்சில் வார்க்கப்பட்டதுதான். முதல் படியில் ‘வந்தானா, வந்துச்சா’ என்று சோதிக்கச் சொன்னது இதற்காக. பேமானிக்கு இன்னொரு வசதியும் உண்டு. வாயாடி, நாடோடி, அறிவாளி என்று ஆளைக் குறிக்கும் சொற்கள் தமிழில் ‘இ’யில் முடிவதால், அதுவும் ஆள் பெயர் போலவே காதில் விழுகிறது.

பாலம் இல்லாத சொல்லுக்கு ‘உதார்’ உதாரணம். உருதுவில் ‘உதார்’ என்றால் கடன். தமிழில் உதார் விடுவது என்றால் வெற்று மிரட்டல், பந்தா. ஒலி அச்சு அசல் பொருந்துகிறது. ஆனால் கடனிலிருந்து பந்தாவுக்கு எப்படிப் போவது? கடன் வாங்கிப் பகட்டு காட்டுவது என்று யாராவது ஒரு கதை சொல்வார்கள். கடன், பந்தா இரண்டு பொருளும் ஒன்றாகத் தொனிக்கும் ஒரு பழைய வாக்கியத்தைக் காட்டினால்தான் நான் ஒப்புக்கொள்வேன்.

எட்டாம் படி: காலம்

சொல் முதலில் எங்கே அச்சில் வந்தது என்று தேடுங்கள். தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகம், பழைய நூல்களை இணையத்தில் இலவசமாகத் தரும் மதுரைத் திட்டம், சென்னையில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் ஆகியவை தொடங்க நல்ல இடங்கள். பழைய நாடகப் பிரதிகள், மலிவு விலைக்கு விற்ற குஜிலிக்கடைப் பாட்டுப் புத்தகங்கள், பத்திரிகை நகைச்சுவைத் துணுக்குகள் ஆகியவற்றில்தான் தெருப் பேச்சு அதிகம் தட்டுப்படும். தலையங்கங்களில் தேடி நேரத்தை வீணாக்காதீர்கள்.

அச்சில் வந்த ஆண்டு சொல் பிறந்த ஆண்டு ஆகாது. இதற்குப் பின்னால் பிறந்திருக்க முடியாது என்ற எல்லையை மட்டுமே அது காட்டும். சினிமாவில் வந்தது என்றால் இன்னும் எச்சரிக்கை தேவை. படம் ஒரு சொல்லை ஊர் முழுக்கப் பரப்பும், கூடவே அதன் பொருளைச் சிரிப்புக்கு ஏற்றபடி வளைத்தும்விடும். மெட்ராஸ் பாஷை பேசும் நகைச்சுவைப் பாத்திரங்களைப் பார்த்துப் பழகிய வெளியூர்க்காரர்கள், கஸ்மாலத்தைக் கோமாளிச் சொல்லாகவே நினைக்கிறார்கள். தெருவில் அதன் காரம் வேறு.

ஒன்பதாம் படி: அழகான கதைகளைச் சந்தேகியுங்கள்

சொல்லின் கதை கேட்பதற்கு எவ்வளவு சுவையாக இருக்கிறதோ அவ்வளவு சான்று கேளுங்கள். சில வகைக் கதைகள் கண்ணில் பட்டாலே நான் உஷாராகிவிடுவேன்.

முதலெழுத்துக் கதை. ‘ஓசி’ என்பது கம்பெனி ஊழியம் என்று பொருள்படும் ஆங்கிலச் சொற்களின் முதலெழுத்து என்பார்கள். கம்பெனியின் அலுவல் கடிதங்களுக்குத் தபால் கட்டணம் இல்லை, அதனால் ஓ.சி. என்றால் இலவசம் என்றாயிற்று என்று விளக்கம். மற்ற முதலெழுத்துக் கதைகளைவிட இது தேவலை, ஏனென்றால் பாதையும் பாலமும் இருக்கின்றன. இதை உறுதிப்படுத்த வேண்டுமானால், கம்பெனி ஆட்சி முடிந்த 1858-க்கு முந்தைய உறைகளில் அந்தச் சுருக்கம் உண்மையில் எப்படி எழுதப்பட்டது என்று பார்க்க வேண்டும். மலையாளத்தில் இது ‘ஓஸ்’ என்றும் வருகிறது, இகரம் இல்லாமல். அதற்கும் அந்தக் கதை பதில் சொல்ல வேண்டும்.

பெரிய மனிதர் கதை. ‘நீ என்ன பெரிய அப்பாடக்கரா?’ என்பதைச் சமூக சேவகர் தக்கர் பாபாவோடு முடிச்சுப் போடுவது இணையத்தில் பிரபலம். தியாகராய நகரில் அவர் பெயரில் வித்யாலயம் இருக்கிறது, அதனால் கதை உள்ளூர்க்காரர்களுக்கு நெருக்கமாகவும் படுகிறது. அவர் இறந்தது 1951-இல். இந்தச் சொல் எல்லார் வாயிலும் புழங்கத் தொடங்கியது இந்த நூற்றாண்டில். நடுவில் இருக்கும் அரை நூற்றாண்டில் அது எங்கே ஒளிந்திருந்தது? அந்த இடைவெளியை நிரப்பும் ஒரு வரிகூடக் காட்டாமல் கதையை மட்டும் பகிர்கிறார்கள்.

பாதிப் பொருத்தக் கதை. ‘டுபாக்கூர்’ என்பது துபாஷிலிருந்து வந்தது என்பார்கள். துபாஷ் என்றால் இரண்டு மொழி தெரிந்தவர், வெள்ளைக்காரருக்கும் நமக்கும் நடுவில் நின்றவர். அவர்களில் பலர் இரண்டு பக்கமும் சம்பாதித்தார்கள் என்பதால் ஏமாற்றுப் பொருள் பொருந்தும் போலத் தெரிகிறது. ஆனால் ‘ஷ்’ எங்கே போயிற்று, ‘க்கூர்’ எங்கிருந்து முளைத்தது? சொல்லின் முதல் பாதிக்கு மட்டும் விளக்கம் சொல்லும் கதை, அரைக் கதைதான்.

கடைசிப் படி: எழுதி வைப்பது

பதிவில் நான்கு அடுக்குகளைப் பிரித்து எழுதுங்கள்: நீங்கள் காதால் கேட்டது, அகராதியில் இருப்பது, ஒலியையும் பாதையையும் வைத்து நீங்கள் வந்தடைந்த முடிவு, வெறும் ஊகம். பேமானிக்கு என் குறிப்பு இப்படி இருக்கும்:

‘பேமானி. பெயர்ச்சொல், சென்னைப் பேச்சு, ஏச்சு. ஏமாற்றுக்காரன், மானம் கெட்டவன். மூலம் உருது, நேர்மையின்மை என்னும் பண்புப்பெயர். ஆள் பெயரானது தமிழில், தரித்திரம், பீடை போன்ற ஏச்சுகளின் வழியில். உறுதி: மூலம் நிச்சயம். ‘மானம் கெட்டவன்’ என்ற சாயல், உள்ளே ‘மானம்’ கேட்பதால் பின்னால் ஏறியிருக்கலாம், ஊகம்.’

இடம் சொல்லும்போது ‘தமிழ்நாடு’ என்று அகலமாகப் போடாதீர்கள். வண்ணாரப்பேட்டை, ராயபுரம், திருவல்லிக்கேணி என்று கேட்ட இடத்தையே போடுங்கள். பேசியவரின் பெயர் வேண்டாம், வயதும் பகுதியும் போதும். சாதியையோ உடற்குறையையோ வைத்துத் திட்டும் சொல் என்றால் முதல் வரியிலேயே அதைச் சொல்லிவிடுங்கள். வேடிக்கையான சொல் என்று நினைத்து எடுத்துப் பயன்படுத்துகிறவர்கள் எப்போதும் இருக்கிறார்கள்.

கஸ்மாலத்துக்கு இன்னும் ஒரு வேலை பாக்கி இருக்கிறது. தெலுங்குப் பாதை சரி என்றால், ஆந்திர எல்லையை ஒட்டிய கும்மிடிப்பூண்டி, ஊத்துக்கோட்டை, திருத்தணிப் பக்கத்து வயதானவர்கள் பேச்சில் நெடில் ஆகாத ‘கச்மலம்’ ஆளைத் திட்டும் சொல்லாகக் கிடைக்க வேண்டும். அந்தப் பக்கம் உறவினர் இருப்பவர்கள் அடுத்த முறை போகும்போது, யாரை எதற்காக அப்படித் திட்டுவார்கள் என்று கேட்டு முழு வாக்கியமாக எழுதிக்கொண்டு வாருங்கள்.